வடை மடித்த காகிதம்

தர்மபுரி பஸ் ஸ்டாண்ட் பக்கம் காலையில் வடை வாங்கினேன். மடித்துக் கொடுத்தது பழைய தேர்தல் நேரத்துப் பேப்பர்.

எண்ணெய் ஊறிய தாளில் ஒரு வேட்பாளர் கும்பிட்டபடி நிற்கிறார். "வெற்றி உறுதி" என்று மூன்று பத்தி. விளம்பரம் என்ற சொல்லை ஓரம் ஓரமாகத் தேடினேன். இல்லை.

உம்லேஷ் யாதவ் நினைவுக்கு வந்தார். உத்தரப் பிரதேசம், பிசௌலி தொகுதி. 2007-ல் ஜெயித்து எம்.எல்.ஏ. ஆனவர். செய்தி மாதிரி வந்த விளம்பரச் செலவைக் கணக்கில் காட்டவில்லை என்று தேர்தல் ஆணையம் அவரை 3 வருடத்துக்குத் தகுதி நீக்கம் செய்தது.

எப்போது? 2011 அக்டோபரில்!

ஐந்து வருடப் பதவியில் நான்கு வருடம் ஓடிவிட்டது. அதுதான் எனக்கு ஆறவில்லை.

இப்போது தமிழ்நாட்டில் சட்டமன்ற வேட்பாளருக்குச் செலவு வரம்பு 40 லட்சம். முடிவு வந்த 30 நாளில் கணக்குக் கொடுக்க வேண்டும். சரி, அதை யார் உட்கார்ந்து சரிபார்ப்பது?

தேர்தல் சமயத்தில் 50,000 ரூபாய்க்கு மேல் கையில் இருந்தால், கிருஷ்ணகிரி மாங்காய் வியாபாரியை நடுரோட்டில் நிறுத்தி ரசீது கேட்கிறார்கள். கேட்கட்டும். இந்த மூன்று பத்திக்கும் அன்றைக்கே கேட்டிருக்க வேண்டும்.

"என்னங்கண்ணா, வடை ஆறுது" என்றார் கடைக்கார அக்கா.

தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டேன்.