பன்னிரண்டு வயதுக் கணக்கு

சதுரங்க வீரர் ஒருவரைப் பற்றிப் பேச்செடுத்தாலே, ஆட்டத்தின் உச்சப் பட்டமான கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை அவர் எந்த வயதில் பெற்றார் என்ற கேள்விதான் இப்போது முதலில் வந்து நிற்கிறது. பெரம்பூர், கொளத்தூர், வில்லிவாக்கம் பக்கம் ஞாயிற்றுக்கிழமைகளில் பள்ளிகளிலும் கல்யாண மண்டபங்களிலும் நடக்கும் போட்டிகளுக்கு என் அக்கா மகனை அழைத்துச் சென்று வெளியே காத்திருக்கும்போது, பெற்றோர் பேச்சில் பாதி இதைப் பற்றித்தான் இருக்கும். "ஒன்பது வயசாகிடுச்சு சார், இனிமே சேர்த்தா லேட்டா?" என்று ஒரு தாய் உண்மையான கவலையோடு கேட்டார். அவரைக் குறை சொல்ல முடியாது. நாளிதழ்கள் வயதைத்தான் கொட்டை எழுத்தில் போடுகின்றன. ஆனால் ஒரு வீரரின் சாதனையை அளக்க வயது மிகவும் ஏமாற்றக்கூடிய அளவுகோல் என்பது என் எண்ணம்.

கிராண்ட்மாஸ்டர் பட்டம் எப்படிக் கிடைக்கிறது என்பதைப் பார்த்தாலே இது விளங்கும். ஆட்ட முடிவுகளை வைத்துக் கணக்கிடப்படும் தரப்புள்ளியான ரேட்டிங் 2500-ஐத் தொட வேண்டும். அதோடு மூன்று நார்ம் பெற வேண்டும். அதாவது, பெரும்பாலும் ஒன்பது சுற்றுகள் கொண்ட ஒரு போட்டி முழுவதும் 2600 ரேட்டிங் உள்ளவரின் தரத்தில் ஆடிக் காட்ட வேண்டும், அப்படி மூன்று முறை. எதிரே அமர்பவர்களில் போதிய எண்ணிக்கையில் கிராண்ட்மாஸ்டர்களும் வெளிநாட்டு வீரர்களும் இருந்தாக வேண்டும் என்ற நிபந்தனை வேறு. எனவே நார்ம் தேடிப் புறப்படும் பிள்ளைகள் ஸ்பெயின், ஹங்கேரி, செர்பியா என்று மாதக்கணக்கில் அலைகிறார்கள். கூடவே பெற்றோரில் ஒருவரும் போகிறார். குகேஷின் தந்தை, காது மூக்கு தொண்டை மருத்துவர், மகனோடு பயணம் செய்வதற்காகத் தம் தொழிலையே நிறுத்தி வைத்தார் என்பது பலரும் அறிந்தது. ஆக, பட்டம் வந்த வயது என்பதில் பிள்ளையின் திறமையோடு வீட்டின் கையிருப்பும் பெற்றோருக்குக் கிடைத்த விடுப்பும் விசாவும் சேர்ந்தே எண்ணப்படுகின்றன.

அந்தக் குகேஷையே எடுத்துக்கொள்வோம். 2019 ஜனவரியில் டெல்லியில் அவர் கிராண்ட்மாஸ்டர் தகுதியை எட்டியபோது அவருக்கு வயது 12 ஆண்டு, 7 மாதம், 17 நாள். மிக இளம் வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆனவர் என்று செர்கெய் கர்யாகின் வைத்திருந்த உலகச் சாதனை வெறும் 17 நாளில் தவறிப்போனது என்று அப்போது எத்தனையோ பேர் அங்கலாய்த்தார்கள். பின்னர் நடந்தது என்ன? கர்யாகின் 2016-இல் நியூயார்க்கில் உலகப் பட்டத்துக்காக அப்போதைய சாம்பியன் கார்ல்சனோடு மோதி, சமநிலையை முறிக்கும் டைபிரேக் ஆட்டங்களில் தோற்றார். அவருடைய வயதுச் சாதனையையும் 2021-இல் அபிமன்யு மிஸ்ரா தட்டிச் சென்றார். 17 நாள் தவறவிட்ட குகேஷோ 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் அப்போதைய சாம்பியன் டிங் லிரெனை 7.5–6.5 என்று வென்று, 18 வயதில் உலக சாம்பியன் ஆனார். கடைசி ஆட்டத்தின் 55ஆவது நகர்த்தலில் டிங் யானையைத் தவறான கட்டத்தில் வைத்த கணம் வரை, அந்த ஆட்டம் டிராவை நோக்கித்தான் போய்க்கொண்டிருந்தது. டிங் செய்த தவற்றால் கிடைத்த வெற்றி என்று அதைச் சிறுமைப்படுத்துகிறவர்கள், டிரா ஆகக்கூடிய நிலையை விட்டுக்கொடுக்காமல் அவ்வளவு நேரம் அழுத்திக்கொண்டே இருந்ததுதான் குகேஷின் ஆட்டம் என்பதைப் பார்ப்பதில்லை.

எங்களுக்குப் பக்கத்திலேயே, வில்லிவாக்கத்தைத் தாண்டினால் வரும் பாடியில் வளர்ந்த வைஷாலியும் பிரக்ஞானந்தாவும் இதற்கு இன்னும் நல்ல சான்று. தம்பி 12 வயதில், 2018-இல், கிராண்ட்மாஸ்டர் தகுதி பெற்றார். முதலில் சதுரங்கம் கற்ற அக்காவுக்கு அது 2023 டிசம்பரில், 22 வயதில்தான் வாய்த்தது. வயதுக் கணக்குப்படி அக்கா பத்தாண்டு பின்தங்கியவர். ஆனால் உலகப் பட்டத்துக்கான தகுதிப் போட்டிகளில் ஒன்றான மகளிர் கிராண்ட் சுவிஸ் போட்டியை 2023-இலும் 2025-இலும் அடுத்தடுத்து வென்றவர் அவர்.

நான் மிகவும் மதிக்கும் இன்னொரு வாழ்க்கை பி. ஷியாம்நிகிலுடையது. நாகர்கோவில்காரர்; ரயில்வே அணிக்கு ஆடியவர். 2012-லேயே 2500 ரேட்டிங்கையும் இரண்டு நார்ம்களையும் பெற்றுவிட்ட அவருக்கு மூன்றாவது நார்ம் 2024-இல், துபாய் போலீஸ் மாஸ்டர்ஸ் போட்டியில்தான் கிடைத்தது. ஒரே ஒரு வெற்றி, எட்டு டிரா. பன்னிரண்டு ஆண்டுகள் ஒருவர் மனம் தளராமல் ஆடிக்கொண்டிருக்க, மாதச் சம்பளம் என்ற பிடிமானமும் ஒரு காரணம் என்றே நினைக்கிறேன். பெரம்பூரில் வளர்ந்த எனக்கு இது புதிதல்ல, ஐ.சி.எஃப் ரயில்பெட்டித் தொழிற்சாலைக்காக ஆடிய கிராண்ட்மாஸ்டர் ஆர்.ஆர். லக்ஷ்மணைப் போல, தொழிற்சாலையின் பெயரைத் தம் பெயரோடு சேர்த்துப் போட்டிப் பட்டியல்களில் ஏற்றிய வீரர்கள் உண்டு. விளையாட்டு ஒதுக்கீட்டு வேலையைக் கடைசிப் புகலிடம் போல இளக்காரமாகப் பேசும் பயிற்சியாளர்களோடு எனக்கு ஒருபோதும் உடன்பாடில்லை.

இவர்கள் எல்லோருக்கும் முன்னோடியான மானுவேல் ஆரோனை வயதை வைத்து எப்படி அளப்பது? 1935-இல் பர்மாவில் பிறந்தவர். 1961-இல், கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழான இன்டர்நேஷனல் மாஸ்டர் பட்டத்தை இந்தியாவில் முதலில் பெற்றபோது அவருக்கு 25 வயது. இன்றைய பெற்றோர் பார்வையில் இது மிகத் தாமதம். ஆனால் சிப்பாய் முதல் நகர்த்தலில் இரண்டு கட்டம் போகக்கூடாது என்பது போன்ற நாட்டு விதிகளோடு பலரும் ஆடிக்கொண்டிருந்த தேசத்தில், பயிற்சியாளர் என்று சொல்ல ஆளில்லாத காலத்தில் அவர் அதைச் செய்தார். 1962-இல், உலகப் பட்டத்துக்கான தகுதிப் போட்டியான ஸ்டாக்ஹோம் இன்டர்சோனலில் பாபி ஃபிஷர் முதலிடம் பெற, 23 பேரில் ஆரோன் கடைசி இடத்தில் முடித்தார். பட்டியலை மட்டும் பார்ப்பவர் அங்கேயே நிறுத்திக்கொள்வார். அதே போட்டியில் லாயோஷ் போர்டிஷ், வோல்ஃப்காங் உல்மன் என்ற இரண்டு கிராண்ட்மாஸ்டர்களை அவர் வீழ்த்தியிருக்கிறார் என்பது ஆட்டங்களைத் தேடிப் பார்ப்பவருக்குத்தான் தெரியும். அடுத்த இந்திய இன்டர்நேஷனல் மாஸ்டராக வி. ரவிக்குமார் வர 17 ஆண்டுகள் ஆயின என்றால், ஆரோன் எவ்வளவு தனியாக நின்றார் என்பதைக் கணித்துக்கொள்ளலாம். ஒன்பது முறை தேசிய சாம்பியனாக இருந்த அவர், 1972-இல் சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் டால் சதுரங்க மன்றம் உருவாகவும் காரணமானார். அங்கே வந்து ஆடிப் பழகிய சிறுவர்களில் ஒருவர் விஸ்வநாதன் ஆனந்த்.

ஆனந்த் 1988-இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனபோது அவருக்கு வயது 18. ஐந்து உலகப் பட்டங்களை எல்லோரும் சொல்வார்கள். 2017-இல், 48 வயதில், ரியாத்தில் உலக ரேபிட் (விரைவு ஆட்ட) பட்டத்தை வென்றதை அவற்றுக்குச் சமமாக வைப்பேன். ரேட்டிங் பட்டியலில் 1986 ஜூலையில் பிடித்த இந்தியாவின் முதலிடத்தை அவர் குகேஷிடம் இழந்தது 2023 செப்டம்பரில். 37 ஆண்டுகள். குகேஷிடமிருந்து அந்த இடம் அர்ஜுன் எரிகைசிக்கும் பிறகு பிரக்ஞானந்தாவுக்கும் போக இரண்டு ஆண்டுகூட ஆகவில்லை.