பி.எம்.டபிள்யூ. எம்54 இன்ஜினில் ஆயில் செப்பரேட்டர்: சோதித்த விதமும் மாற்றிய விதமும்

எம்54 இன்ஜின் உள்ள வண்டி ஆயில் குடிக்க ஆரம்பித்தால், பல இடங்களில் முதலில் வரும் பேச்சு “ரிங் போயிடுச்சு, இன்ஜினைப் பிரிக்கணும்” என்பதுதான். அந்த முடிவுக்குப் போகும் முன் பார்க்க வேண்டிய ஒரு பிளாஸ்டிக் டப்பா, இன்டேக் மேனிஃபோல்டுக்கு (சிலிண்டர்களுக்குக் காற்றைப் பிரித்துக் கொடுக்கும் குழாய்த் தொகுதி) அடியில் கண்ணில் படாமல் இருக்கிறது. அதுதான் ஆயில் செப்பரேட்டர். 2000 முதல் 2006 வரை வந்த ஆறு சிலிண்டர் எம்54 எல்லாவற்றிலும் இது உண்டு: ஈ46 மூன்றாம் சீரிஸ், ஈ39 ஐந்தாம் சீரிஸ், ஈ60-இன் ஆரம்ப வண்டிகள், எக்ஸ்5 3.0, முதல் எக்ஸ்3, இசட்4. இங்கே சொல்வது 2003 மாடல் ஈ46 330-இல் செய்த வேலை. மற்ற வண்டிகளில் ஹோஸ்களின் நீளமும் வளைவும் மாறும், வேலையின் வரிசை மாறாது.

பிஸ்டன் ரிங்கைத் தாண்டிக் கீழே இறங்கும் வாயு கிராங்க்கேஸில் (கிராங்க் சுழலும் இன்ஜினின் அடிக்கூடு) தேங்கக் கூடாது. டேப்பட் கவரின் முன்பக்கத்திலிருந்து ஒரு ஹோஸ் அதை செப்பரேட்டருக்குக் கொண்டுபோகிறது. உள்ளே வாயு சுழன்று போகும்போது அதிலுள்ள ஆயில் துளிகள் சுவரில் ஒட்டிக் கீழே வடிகின்றன. அடியிலுள்ள ஹோஸ் வழியாக அந்த ஆயில் டிப்ஸ்டிக் குழாய்க்குப் போய், அங்கிருந்து அடியிலுள்ள ஆயில் தொட்டியான சம்ப்பில் சேர்கிறது. ஆயில் நீங்கிய வாயு மேனிஃபோல்டின் மேலுள்ள பகிர்வுக் குழாய்க்கு ஏறி, ஆறு சிலிண்டருக்கும் பிரிந்து எரிகிறது. செப்பரேட்டருக்குள் ஒரு ரப்பர் டயஃப்ரமும் ஸ்பிரிங்கும் இருக்கின்றன. ஐடிலிங்கில் மேனிஃபோல்டு வேக்குவம் பல நூறு மில்லிபார் இருக்கும். அது அப்படியே கிராங்க்கேஸைப் பிடித்து இழுக்காமல் 10 முதல் 15 மில்லிபாருக்குள் நிறுத்துவது டயஃப்ரத்தின் வேலை.

இது கெடும் வழிகள் மூன்று. டயஃப்ரம் கிழிந்தால் கிராங்க்கேஸில் வேக்குவம் கட்டுப்பாடில்லாமல் ஏறும். டப்பாவிலுள்ள சிறு துளை வழியாக வெளிக்காற்றும் அளக்கப்படாமல் உள்ளே நுழையும். ஹோஸோ டப்பாவோ அடைத்துக்கொண்டால், வாயுவுக்குப் போக வழியில்லாமல் கிராங்க்கேஸில் அழுத்தம் ஏறி டேப்பட் கவர் கேஸ்கட்டும் ஆயில் சீல்களும் கசியும். மூன்றாவதுதான் மோசமானது: கீழே வடியும் வழி மட்டும் அடைபட்டால், பிரிந்த ஆயில் இறங்க இடமில்லாமல் டப்பாவில் நிறைந்து மேனிஃபோல்டுக்கே உறிஞ்சப்படும். மைனஸ் குளிரில் ஹோஸுக்குள் தண்ணீர் கலந்த ஆயில் உறைந்து, சிலிண்டருக்குள் ஆயில் புகுந்து, கனெக்டிங் ராடு வளையும் அளவுக்குப் போன இன்ஜின்கள் உண்டு. கனடாவிலும் ஐரோப்பாவிலும் இந்த இன்ஜினை வைத்திருக்கும் நம்மவர்கள் இதைச் சாதாரண ஆயில் செலவு என்று விட்டுவிடக் கூடாது.

வண்டியில் கண்ட அறிகுறிகள்: ஐடிலிங்கில் ஆட்டம், காலையில் ஸ்டார்ட் செய்ததும் நீலப் புகை, இன்ஜினின் பின்பக்கம் மெல்லிய விசில், ஸ்கேனரில் பி0171-உம் பி0174-உம். இரண்டு பேங்க்கும் (மூன்று மூன்று சிலிண்டர்களாகப் பிரித்த பிரிவுகள்) ஒன்றாகவே லீன், அதாவது காற்று அதிகம், பெட்ரோல் குறைவு என்று காட்டுவதுதான் இங்கே முதல் தடயம். எக்ஸாஸ்ட்டில் ஆக்சிஜனை அளக்கும் லாம்டா சென்சார் ஒன்று போயிருந்தால் பெரும்பாலும் ஒரு பக்கம்தான் காட்டும். ஆறு சிலிண்டருக்கும் பொதுவான இடத்தில் காற்று புகுந்தால் இரண்டு பக்கமும் சேர்ந்தே ஏறும்.

அடுத்து ஃபியூவல் ட்ரிம், அதாவது இன்ஜின் கம்ப்யூட்டர் பெட்ரோல் அளவில் செய்யும் திருத்தம். இன்ஜின் சூடான பிறகு ஐடிலிங்கில் லாங் டேர்ம் ட்ரிம் பிளஸ் 10 சதவீதத்துக்கு மேல் இருந்து, 2500 ஆர்பிஎம்மில் பிடித்தால் சுழியத்தை நோக்கி இறங்கினால், அது காற்றுக் கசிவு. இறங்காமல் அதே உயரத்தில் நின்றால், அல்லது இன்னும் ஏறினால், உள்ளே போகும் காற்றை அளக்கும் ஏர் மாஸ் மீட்டரையும் ஃபியூவல் பம்பையும் பாருங்கள். செப்பரேட்டருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. நம் வண்டியில் இறங்கியது.

பிறகு ஆயில் மூடிச் சோதனை. ஐடிலிங்கில் ஆயில் ஊற்றும் மூடியைத் திறந்து, வாயின் மேல் ஒரு மெல்லிய பிளாஸ்டிக் பையை விரியுங்கள். பை லேசாக உள்ளே குழிந்து நின்றால் நல்லது. விறைப்பாக உள்ளே இழுபட்டால் டயஃப்ரம் கிழிந்திருக்கிறது. அசையாமல் கிடந்தாலோ மேலே ஊதினாலோ அடைப்பு, இல்லையென்றால் ரிங் வழியாக வாயு அளவுக்கு மீறி இறங்குகிறது. மூடியைத் திறக்கும்போதே கைக்கு இழுவை தெரியும். நம் வண்டியில் மூடியைத் தூக்கவே பலம் வேண்டியிருந்தது, தூக்கியதும் விசில் நின்றுபோனது. அந்த விசில், பின்பக்க கிராங்க் சீலின் உதட்டைத் தாண்டிக் காற்று உள்ளே இழுபடும் சத்தம். சீல் போய்விட்டது என்று நினைத்து கியர்பாக்ஸை இறக்கப் போகிறவர்கள், முதலில் இந்த மூடியை ஒருமுறை திறந்து பார்க்க வேண்டும்.

எண்ணில் அளக்க விரும்பினால், உதிரி மூடி ஒன்றில் துளையிட்டு நிப்பிள் பொருத்தி, தெளிந்த குழாயை யு வடிவில் வளைத்துத் தண்ணீர் ஊற்றினால் போதும். இரு பக்கத் தண்ணீர் மட்டங்களுக்கும் இடையே 10 முதல் 15 சென்டிமீட்டர் வித்தியாசம் இருக்க வேண்டும். ஆனால் பைச் சோதனையிலேயே பலமான இழுவை தெரிந்தால் தண்ணீர்க் குழாயை மாட்டவே மாட்டாதீர்கள். கட்டுப்பாடில்லாத வேக்குவம் மொத்தத் தண்ணீரையும் இன்ஜினுக்குள் இழுத்துவிடும். அந்த நிலையில் வேக்குவம் கேஜ்தான் சரி. ஸ்மோக் மெஷின் கிடைத்தால் இன்னும் நல்லது: ஏர் மாஸ் மீட்டருக்குப் பின்னால் புகையைச் செலுத்தினால் கிழிந்த டயஃப்ரம், பிளந்த பெல்லோஸ் (த்ராட்டிலுக்குக் காற்று போகும் ரப்பர் குழாய்), டீசா வால்வின் (மேனிஃபோல்டுக்குள் காற்றின் வழியை மாற்றும் ஃபிளாப்) ஓ-ரிங் எல்லாம் ஒரே சோதனையில் தெரிந்துவிடும்.

ரிங் பிரச்சினையா என்ற சந்தேகமும் இங்கேயே தீர வேண்டும். த்ராட்டில் பாடியைக் கழற்றி மேனிஃபோல்டின் அடியை டார்ச் அடித்துப் பாருங்கள். மெல்லிய ஆயில் பூச்சு இருப்பது இயல்பு. குளமாகத் தேங்கியிருந்தால் ஆயில் செப்பரேட்டர் வழியாக வருகிறது. மேனிஃபோல்டு உலர்ந்திருந்து, பிளக்குகள் மட்டும் ஆயிலில் நனைந்திருந்தால் ரிங் அல்லது வால்வு சீல். அப்போது சிலிண்டருக்குள் காற்றடித்துக் கசிவை அளக்கும் லீக்-டவுன் டெஸ்ட் எடுங்கள். இந்த இன்ஜினில், குறிப்பாக 3 லிட்டரில், ஆயில் ரிங் ஒட்டிக்கொள்வதும் உண்டு. புது செப்பரேட்டர் அதைக் குணமாக்காது.

உதிரிகளைப் பொறுத்தவரை ஒரே பேச்சு: டப்பாவை மட்டும் வாங்காதீர்கள். நான்கு ஹோஸ்களும் அதே வயதுதான், தொட்டால் உடைகிற நிலையில்தான் இருக்கும். செப்பரேட்டரின் எண் 11 61 7 501 566. குளிர்ப் பிரதேசத்துக்கென நுரை உறை போட்டு வரும் வகை 11 61 7 533 400, அதை வாங்கினால் அதற்குரிய உறை போட்ட ஹோஸ்களையே வாங்க வேண்டும். ஹோஸ் எண்கள் மாடலுக்கு மாடல் மாறுவதால் சேசிஸ் எண்ணின் கடைசி ஏழு எழுத்துகளைக் கொடுத்து எடுங்கள். இவற்றோடு த்ராட்டில் பாடி கேஸ்கட், இன்டேக் மேனிஃபோல்டு கேஸ்கட், டிப்ஸ்டிக் குழாயின் ஓ-ரிங், டீசா வால்வின் ஓ-ரிங், இன்ஜெக்டர் ஓ-ரிங்குகள், ஆயில் ஃபில்டர், 6.5 லிட்டர் லாங்லைஃப்-01 (பி.எம்.டபிள்யூ.வின் ஆயில் தரம்) ஆயில் எல்லாம் வேண்டும். விலை மிகக் குறைந்த செப்பரேட்டர்களில் டயஃப்ரம் தடித்தும் ஸ்பிரிங் கணக்கு தப்பியும் வருகின்றன. புதியதை மாட்டியும் மூடியில் இழுவை குறையாத வண்டிகளில் காரணம் பெரும்பாலும் இதுவே.

மேனிஃபோல்டைக் கழற்றாமலும் செய்யலாம். த்ராட்டில் பாடி, ஐடில் கன்ட்ரோல் வால்வு, டீசா வால்வு மூன்றையும் எடுத்துவிட்டால் கை நுழைய இடம் கிடைக்கும். ஆனால் கண் நுழையாது. பழைய ஹோஸ் உடைந்து துண்டு எங்கே விழுந்தது என்று தெரியாமல் தேட வேண்டியிருக்கும், புது ஹோஸின் லாக் விழுந்ததா என்பதையும் விரலால் ஊகிக்க வேண்டியிருக்கும். முதல்முறை செய்கிறவர்கள் மேனிஃபோல்டைக் கழற்றிவிடுவதே நல்லது என்பது நம் கருத்து. கூடுதல் நேரம் ஆகும், ஆனால் எல்லாம் கண்ணுக்கு நேரே இருக்கும்.

இன்ஜின் முழுக்க ஆறட்டும். ஈ46-இல் பேட்டரி டிக்கியில் இருக்கிறது, அதன் நெகட்டிவைக் கழற்றுங்கள். கேபின் ஃபில்டர் பெட்டி, இன்ஜின் மேல்மூடிகள், ஏர் ஃபில்டர் பாக்ஸ், ஏர் மாஸ் மீட்டர், ரப்பர் பெல்லோஸ் என்ற வரிசையில் எடுங்கள். பெல்லோஸின் மடிப்புகளைக் கையால் விரித்துப் பாருங்கள், பிளவு அடிப்பக்கத்தில்தான் வரும். டீசா வால்வு டி40 டார்க்ஸ் போல்ட்களில் நிற்கிறது. அதை எடுத்ததும் ஃபிளாப்பை ஆட்டிப் பாருங்கள். தளர்ந்து ஆடினால் மாற்றிவிடுங்கள், ஃபிளாப்பைத் தாங்கும் ஆணி கழன்று இன்ஜினுக்குள் விழுந்தால் சேதம் பெரிது.

ஃபியூவல் ரெயிலின் முனையில் வால்வு மூடி ஒன்று இருக்கும். உள்ளே 3.5 பார் அழுத்தம் நிற்பதால், துணியைச் சுற்றிப் பிடித்து அந்த வால்வை அழுத்தி அழுத்தத்தை இறக்கிய பிறகே ரெயிலையும் இன்ஜெக்டரையும் தூக்க வேண்டும். வயரிங் பெட்டி, பிரேக் பூஸ்டர் ஹோஸ், அடியிலுள்ள தாங்கி எல்லாம் விடுபட்டதும் மேனிஃபோல்டின் 11 எம்எம் நட்களைக் கழற்றலாம். மேனிஃபோல்டு வெளியே வந்த மறுநொடியே ஆறு போர்ட்டுகளையும் சுத்தமான துணியால் அடையுங்கள்.

இப்போது டப்பா கண்ணெதிரே இருக்கும். ஹோஸ் முனைகளில் சில லாக்கை அழுத்தி இழுக்கும் வகை, சில கால் சுற்று திருப்பும் வகை. பழைய பிளாஸ்டிக் எப்படியும் உடையும், புதியது கையில் இருப்பதால் கவலையில்லை. ஆனால் டேப்பட் கவரின் முனையை மட்டும் உடைத்துவிடாதீர்கள், அதற்கு முழு கவரையும் மாற்ற வேண்டிவரும். நம் வண்டியில் கீழ் ஹோஸை வளைத்ததும் பாதியில் முறிந்தது. உள்ளே மஞ்சள் வெண்ணெய் மாதிரி கூழ், நடுவில் பென்சில் முனை அளவுக்குத்தான் வழி. ஆக டயஃப்ரம் கிழிந்தது ஒரு பக்கம், வடிகால் அடைந்தது இன்னொரு பக்கம் என இரண்டும் சேர்ந்தே இருந்திருக்கின்றன.

அந்தக் கூழ், ஆயிலும் நீராவியும் கலந்தது. குறுகிய தூர ஓட்டங்களில் இன்ஜின் முழுச் சூட்டுக்கு வராததால் நீர் ஆவியாகி வெளியேறுவதில்லை. தெர்மோஸ்டாட் திறந்தபடியே நின்றுவிட்டாலும் இதே கதைதான். எனவே நெடுஞ்சாலையில் போகும்போதும் கூலன்ட் சூடு ஏறாத வண்டியில் தெர்மோஸ்டாட்டையும் சேர்த்து மாற்றுங்கள். இல்லையென்றால் புது ஹோஸும் அடுத்த குளிர்காலத்தில் அடையும். வெப்பமான ஊர்களில் கூழ் அரிது, அங்கே சூட்டில் ரப்பர் இறுகி டயஃப்ரம் கிழிவதே வழக்கம்.

பலரும் தவறவிடும் இடம் டிப்ஸ்டிக் குழாய். அது குழாய்க்குள் குழாயாக அமைந்தது. டிப்ஸ்டிக் நடுவில் போகிறது, செப்பரேட்டரிலிருந்து வரும் ஆயில் இரண்டு குழாய்களுக்கும் இடையிலுள்ள குறுகிய சந்தில் இறங்குகிறது. கூழ் முதலில் அடைப்பது அங்கேதான். புது டப்பா, புது ஹோஸ் எல்லாம் போட்டும் மேனிஃபோல்டில் மறுபடி ஆயில் தேங்கினால் இந்தக் குறுகிய இடைவெளியைத்தான் சந்தேகிக்க வேண்டும். பிடிப்பு போல்ட்டைக் கழற்றி, குழாயைத் திருகியபடி மேலே இழுங்கள். பழைய ஓ-ரிங் அடித் துளையிலேயே தங்கிவிடும், அதை எடுக்காமல் புதியதைத் திணித்தால் ஆயில் கசியும். குழாயை டீகிரீசரில் ஊறவிட்டு, கம்பியால் குத்தி, ஏர் அடித்துச் சுத்தம் செய்யுங்கள். பக்கவாட்டு முனையில் தண்ணீர் ஊற்றினால் அடியில் தடையின்றிக் கொட்ட வேண்டும். சொட்டுச் சொட்டாக வந்தால் புதுக் குழாய்தான் வழி. மேனிஃபோல்டு மேலுள்ள பகிர்வுக் குழாயின் துளைகளிலும் கரி படிந்திருக்கும், அதையும் கிளீனர் அடித்துத் திறங்கள்.

மாட்டும்போது கீழ் ஹோஸை மேசையிலேயே டப்பாவில் பொருத்திவிட்டு உள்ளே இறக்குங்கள், பின்னால் அந்த முனைக்குக் கை எட்டாது. ஓ-ரிங்குகளில் துளி ஆயில் தடவுங்கள். ஒவ்வொரு முனையிலும் ‘க்ளிக்’ கேட்ட பிறகு ஒருமுறை இழுத்துப் பார்த்துவிட்டு அடுத்ததற்குப் போங்கள். மேனிஃபோல்டுக்குள் தேங்கிய ஆயிலை முழுக்கத் துடைத்து, கேஸ்கட் புதிதாகப் போட்டு, நடுவிலிருந்து வெளிப்பக்கமாக 15 நியூட்டன் மீட்டரில் இறுக்குங்கள். த்ராட்டில் பாடி போல்ட்களுக்கு 10 போதும், மேனிஃபோல்டு பிளாஸ்டிக் என்பது நினைவிருக்கட்டும். போர்ட்டுகளில் ஆயில் இறங்கிக் கிடந்திருந்தால் நேராக ஸ்டார்ட் செய்யாதீர்கள். பிளக்குகளைக் கழற்றி, ஃபியூவல் பம்ப் ஃபியூஸை எடுத்துவிட்டு ஸ்டார்ட்டரில் சுற்றவிட்டால் சிலிண்டரில் உள்ளது வெளியே வந்துவிடும். பழைய ஆயிலிலும் நீர் கலந்திருக்கும் என்பதால் ஆயிலையும் ஃபில்டரையும் அன்றே மாற்றுங்கள்.

ஸ்கேனரில் பிழைக் குறியீடுகளை அழித்து, அடாப்டேஷனை (கம்ப்யூட்டர் கற்று வைத்திருக்கும் பழைய திருத்தங்கள்) ரீசெட் செய்து ஐடிலிங்கில் விடுங்கள். எக்ஸாஸ்ட்டில் தங்கிய ஆயில் எரியும்வரை நீலப் புகை கொஞ்ச நேரம் வரத்தான் செய்யும். சூடானதும் பைச் சோதனையை மறுபடி செய்யுங்கள். நம் வண்டியில் பை லேசாகக் குழிந்து நின்றது, விசில் இல்லை. சில நூறு கிலோமீட்டர் ஓடியபின் ட்ரிம்மைப் பாருங்கள். பிளஸ் மைனஸ் 5-க்குள் நின்றால் வேலை முடிந்தது. இன்னும் ஐடிலிங்கில் 10-க்கு மேல் காட்டினால் டீசா ஓ-ரிங், பெல்லோஸ், மேனிஃபோல்டின் பின்பக்கமுள்ள சிறு ரப்பர் மூடிகள், டிப்ஸ்டிக் குழாயின் அடி ஓ-ரிங் என்ற வரிசையில் தேடுங்கள்.