நிக்கோசியாவில் குடித்தனம்

சைப்ரஸில் வேலை கிடைத்திருக்கிறது என்றதும் அம்மா கேட்டது, "அங்க இன்னும் சண்டை நடக்குதாப்பா?" என்றுதான். சண்டை 1974-லேயே நின்றுவிட்டது, ஆனால் நின்றதோடு சரி, சமாதானம் என்று எதுவும் கையெழுத்தாகவில்லை. தெற்கே கிரேக்கர், வடக்கே துருக்கியர் என்று தீவு இரண்டாகவே கிடக்கிறது.

வேலை தலைநகர் நிக்கோசியாவில், விமானம் இறங்குவதோ லார்னகாவில். நிக்கோசியா விமான நிலையம் பூட்டிக் கிடக்கிறது. 1974 ஜூலையில் துருக்கிப் படை வந்து அதற்காகச் சண்டை மூண்டபோது ஐ.நா. படை அதைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டது, இன்னும் விடவில்லை. அப்போது அந்தப் படைக்குத் தளபதி திவான் பிரேம் சந்த் என்ற இந்தியர். 1964-ல் முதல் தளபதியாக வந்த கியானியும் இந்தியர்தான். நம் பக்கத்துக் குடகுக்காரர் ஜெனரல் திம்மையா இங்கே தளபதியாக இருந்தபோதே 1965 டிசம்பரில் காலமானார். பள்ளிக்கூடத்தில் யாரும் இதைச் சொல்லித்தரவில்லை.

வீடு பழைய நகரத்தில். தெரு நேராகப் போய் மண் நிரப்பிய பீப்பாய்களில் முட்டி நிற்கும், அந்தப் பக்கம் ஜன்னல் பெயர்ந்த வீடுகள், அதற்கும் அப்பால் துருக்கியர் பகுதி. 1963 டிசம்பரில் இரு சமூகத்தாரையும் பிரித்து வைக்க ஒரு பிரிட்டிஷ் தளபதி வரைபடத்தில் பச்சைப் பென்சிலால் இழுத்த கோடு இது. இப்போது இந்தப் பகுதியில் நீலத் தொப்பியோடு சைக்கிளில் ரோந்து வருவதும் பிரிட்டிஷ் வீரர்கள்தான். 1960-ல் சுதந்திரம் கொடுத்தபோதே இரண்டு ராணுவத் தளங்களைத் தங்களுக்கென்று வைத்துக்கொண்டவர்கள், முழுசாக எங்கே போனார்கள்!

வீட்டுக்கார அம்மாவின் ஊர் வடக்கே கிரீனியா. 2003-லேயே கோட்டைக் கடக்க வழி திறந்தாயிற்று, 2008 முதல் லெட்ரா தெருவிலும் பாஸ்போர்ட்டைக் காட்டிவிட்டு நடந்தே போகலாம். "என் வீட்டைப் பார்க்க நான் எவனிடம் பாஸ்போர்ட் காட்டுவது?" என்கிறார், போவதில்லை. நான் போவேன், காபி குடித்துவிட்டுத் திரும்புவேன்.

ஐ.நா. படையின் அன்றாட வேலை பெரும்பாலும் சில்லறை வேலை. இரு பக்கத்துக்கும் நடுவே ஐ.நா. காவலில் உள்ள இடைப்பகுதியில் உழ விவசாயிக்கு அனுமதி கொடுப்பது, யாராவது மணல்மூட்டையை ஒரு அடுக்கு உயர்த்தினால் போய்ப் பேசி இறக்கவைப்பது. எனக்குப் பிடித்த விஷயம் சாக்கடை. 1978-ல் இரு பக்க மேயர்களும், லெல்லோஸ் டிமெட்ரியாடிஸும் முஸ்தஃபா அக்கிஞ்சியும், பேசி முடித்துப் பொதுவாகப் போட்டார்கள். எங்கள் பக்கத்துக் கழிவுநீரில் ஒரு பங்கு இன்றும் வடக்கே போய்த்தான் சுத்தமாகிறது. அதே அக்கிஞ்சி பிறகு வடக்கின் தலைவராகி, 2017-ல் சுவிட்சர்லாந்து வரை போய்ப் பேசியும் தீவு விஷயம் ஒரு அங்குலம் நகரவில்லை.