மனு வந்திருக்கு

எடிட்டிங் டேபிளில் எனக்கு முதலில் வந்த காட்சியே அதுதான். கேமராவோடு தெருமுனையில் திரும்புகிறார்கள். டீக்கடை பெஞ்சில் இருந்த பெரியவர் எழுந்து கடைக்காரரிடம், "எனக்கு மனு வந்திருக்குப்பா" என்கிறார். ஜெயிலுக்குள்ளே இருப்பவர்களைப் பார்க்க ஆள் வந்தால் அதற்கு மனு என்று பெயர். ஆயுள் தண்டனை முடிந்து வெளியே வந்து இரண்டு வருஷம் ஆகிறது. அவர் வாயில் அந்தச் சொல்தான் இன்னும் இருக்கிறது.

பெரியவரைப் பற்றிய இந்த ஆவணப்படத்தை எடுத்தவர் என்னைவிட மூத்தவர், அக்கா என்றுதான் கூப்பிடுவேன். 26 மணி நேரக் காட்சியில் முதல் பத்து மணி நேரத்துக்குப் பெரியவர் என்ன குற்றம் செய்தார் என்று அக்கா கேட்கவே இல்லை. அரிசி என்ன விலை, மாத்திரை போட்டீர்களா, இதேதான். எனக்கு எரிச்சலாக வந்தது. இதில் எங்கே கதை இருக்கிறது?

சரி, நாமே கதையை உண்டாக்குவோம் என்று இறங்கினேன். பெரியவர் பக்கத்து வீட்டுக் குழந்தையோடு வாய்விட்டுச் சிரிக்கிற இடத்தில் வெட்டி, அந்தக் காலத்துச் செய்தித்தாளில் வந்த கொலைச் செய்தியை ஒட்டினேன். கீழே ஒரு வயலின். பிரமாதம் என்று எனக்கே தோன்றியது. அக்கா பார்த்துவிட்டு, "இதை அவர் பக்கத்துல உட்கார்ந்து உன்னால பார்க்க முடியுமா?" என்று மட்டும் கேட்டார்.

அன்று ராத்திரி அவர் எனக்குப் போட்டுக் காட்டியது அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃபிரெடெரிக் வைஸ்மனின் 'டிடிகட் ஃபாலீஸ்', 1967இல் வந்தது. மாசசூசெட்ஸில் மனநலம் குன்றிய குற்றவாளிகளை அடைத்து வைத்திருந்த பிரிட்ஜ்வாட்டரில் எடுத்த படம். சட்டம் சொல்லிக்கொடுத்த வைஸ்மன், மாணவர்களை அங்கே கூட்டிப்போய்க் காட்டியவர். படத்தில் வர்ணனை கிடையாது, பேட்டி கிடையாது. ஒரு காலத்தில் பள்ளி ஆசிரியராக இருந்தவர் துணியில்லாமல் நிற்கிறார். அறையைச் சுத்தமாக வைத்திருப்பாயா என்று காவலர்கள் திரும்பத் திரும்பக் கேட்டு அவரைச் சீண்டுகிறார்கள். கேமரா அவரை விட்டு நகர்வதில்லை. சாப்பிட மறுக்கும் இன்னொருவருக்கு மூக்கில் குழாய் விட்டு உணவை ஊற்றுகிறார் டாக்டர். அவர் உதட்டில் சிகரெட், சாம்பல் புனலுக்கு மேலே தொங்குகிறது. நடுநடுவே அதே ஆளின் பிணத்தை அடக்கத்துக்குத் தயார் செய்கிற காட்சி. அந்த வெட்டு அதிகப்படி என்று வைஸ்மனே பிற்காலத்தில் சொன்னார். எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்தது.

கைதிகளின் அந்தரங்கத்தைக் காரணம் காட்டி அரசு வழக்குப் போட்டது. பொதுமக்களுக்குத் திரையிட இருந்த தடை 1991இல்தான் நீங்கியது. தன் அம்மணத்தை மறைக்க அரசு கைதியின் அம்மணத்தை இழுத்துப் போர்த்திக்கொண்டது என்றுதான் நான் நினைக்கிறேன். ஆனால் அந்த ஆசிரியர் தன்னை இப்படிக் காட்டச் சம்மதித்திருப்பாரா? இது அரசு தன் வசதிக்குக் கேட்ட கேள்வி. அதற்காக அது பொய்க் கேள்வி ஆகிவிடாது.

மறுநாள் வயலினை எடுத்தேன். செய்தித்தாளையும் எடுத்தேன். சிரிப்பு அடங்கி, பெரியவர் வேட்டியைத் தட்டிவிட்டு எழுந்து உள்ளே போகிறவரை அந்தக் காட்சியை விட்டுவிட்டேன். 40 விநாடி. டெலிவிஷன்காரர்கள் பார்த்தால் அடிக்க வருவார்கள்.

அப்புறம் மடிக்கணினியைத் தூக்கிக்கொண்டு நாங்கள் இரண்டு பேரும் அவர் வீட்டுக்கே போனோம். சுவரில் சாய்ந்து உட்கார்ந்து, முட்டியைக் கட்டிக்கொண்டு முழுதும் பார்த்தார். கொலையைப் பற்றி அவரே வாய் திறந்து சொல்கிற இடம் 31ஆவது நிமிஷத்தில் வரும். அங்கே நான் திரையைப் பார்க்கவில்லை, அவர் கால்விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதை எடுக்கச் சொல்வார் என்று நினைத்தேன். சொல்லவில்லை.

"தங்கச்சி வீட்டு வாசல் வருது பாரு தம்பி, கோலத்தோட. அதை மட்டும் எடுத்துடு. அதுக்குக் கல்யாண வயசுல பொண்ணு இருக்கு."

படத்திலேயே அழகான ஷாட் அது. அங்கேயே, அவர் கண் முன்னால் அழித்தேன். மூடியை மூடிப் பையில் வைக்கும்போது அவர் அக்காவைப் பார்த்துக் கேட்டார்: "அடுத்த மனு எப்போம்மா?"