‘மை பெஸ்ட் கேர்ள்’ ஊமைப்படத்துக்கு கீபோர்டு இசை: இதுவரை வந்தது

மேரி பிக்ஃபோர்ட் நடித்த ‘மை பெஸ்ட் கேர்ள்’ (1927) படத்துக்கு கீபோர்டில் பின்னணி இசை போட்டு வருகிறேன். பாதிக்கு மேல் முடிந்துவிட்டது. மலிவு விலைக் கடையின் ஸ்டாக் ரூமில் வேலை பார்க்கும் மேகி, புதிதாகச் சேர்ந்த ஜோவுக்கு வேலை சொல்லிக் கொடுக்கிறாள். அவன் முதலாளி மகன் என்பது அவளுக்குத் தெரியாது. கதை அவ்வளவுதான்.

முதலில் கடை வேலைக்கு ஒரு மெட்டு பிடித்தேன். நாலு நாலாக எண்ணும் சதுஸ்ர நடை, இடது கையில் நாலே ஸ்வரம், திரும்பத் திரும்ப. மேகி பாத்திரங்களைக் கைகொள்ளாமல் தூக்கி வரும் இடத்தில் கச்சிதமாகப் பொருந்தியது. பாத்திரம் விழும் சத்தத்தை வாசிக்கவே வேண்டாம். வலது கையைச் சட்டென்று நிறுத்தினாலே சிரிப்பு வந்துவிடுகிறது.

அதிக நேரம் எடுத்தது சாப்பாட்டுக் காட்சி. இருவரும் ஒரு பெரிய சரக்குப் பெட்டிக்குள் உட்கார்ந்து மதியச் சாப்பாடு சாப்பிடுகிறார்கள். உருக்கமாக ஒரு காதல் மெட்டு வாசித்துப் பார்த்தேன். பிக்ஃபோர்டின் முகத்தில் ஓடும் கூச்சத்தை அது அமுக்கியது. அதை எடுத்துவிட்டு, அதே நாலு ஸ்வரத்தை ஒரு ஸ்தாயி மேலே, பாதி வேகத்தில் விட்டேன். உயிர் வந்துவிட்டது! பெட்டிக்கு வெளியே கடை நடந்துகொண்டே இருக்கிறது, மணி அடித்தால் எழுந்து போயாக வேண்டும். அந்தத் தாளம் அடியில் ஓடினால்தான் அவர்களுக்குக் கிடைத்த கொஞ்ச நேரத்தின் அருமை தெரிகிறது. இந்தப் படத்தில் காதல் வேலைக்கு நடுவில்தான் முளைக்கிறது. இசையும் அங்கிருந்தே வர வேண்டும் என்று இப்போது உறுதியாக நம்புகிறேன்.

(பிக்ஃபோர்டும் ஜோவாக நடித்த சார்லஸ் ‘பட்டி’ ரோஜர்ஸும் 1937-இல் நிஜமாகவே கல்யாணம் செய்துகொண்டார்கள். அது தெரிந்தபின் பெட்டிக் காட்சி எனக்கு இன்னும் பிடித்துப் போனது.)

மழைக்காட்சியில் மட்டும் கடை மெட்டுக்கு விடுமுறை. கொட்டும் மழையில், வண்டிகளுக்கு நடுவே, எதையும் கவனிக்காமல் பேசிக்கொண்டே நடக்கிறார்கள். மூன்று மூன்றாக எண்ணும் திஸ்ர நடைக்கு மாறினேன். மழைக்கென்று தனியாக ஒன்றும் வாசிக்கவில்லை. சார்லஸ் ரோஷரின் கேமராவே தெருவின் ஈரத்தைக் காட்டிவிடுகிறது.

பாக்கி இருப்பது கடைசிப் பகுதி. ஜோ தன்னை விட்டு விலகட்டும் என்று மேகி உதட்டுச் சாயத்தை அப்பிக்கொண்டு, பணத்தாசை பிடித்தவள்போல ஆடிக் காட்டுவாள். கால் ஜாஸுக்கு ஆடும், கண் கலங்கும். வலது கையில் ஜாஸ், இடது கையில் கடை மெட்டு என்று வைத்திருக்கிறேன். இரண்டும் இன்னும் ஒட்டவில்லை. அடுத்து ஜாஸை, சோகம் தொனிக்கும் மைனர் ஸ்கேலுக்கு மாற்றி வாசித்துப் பார்க்கப் போகிறேன்.