அறுநூறு டாலர் இசைத்தட்டு

சியாட்டில் பக்கம் குடியேறும் நம்மவர்களில் பெரும்பாலோருக்கு இந்த ஊர் கம்பெனிகளின் பெயரால்தான் அறிமுகம். பெல்வியூ, ரெட்மண்ட் என்று ஏரிக்குக் கிழக்கே வீடு பிடித்து, சனிக்கிழமை இந்தியக் கடையில் முருங்கைக்காய் வாங்கி, வருடங்கள் ஓடிவிடும். கணவரின் விசாவில் வந்த எனக்கு வேலை செய்ய அனுமதி கிடையாது. டிசம்பரில் மாலை நாலரைக்குள் இருட்டிவிடும். மழையும் நம் ஊரைப் போலக் கொட்டித் தீர்த்துவிட்டுப் போவதில்லை. நாள் முழுக்கத் தூறிக்கொண்டே இருக்கும். போக்கிடம் என்று எனக்கு இருந்தது நூலகம் ஒன்றுதான்.

அங்கேதான் நிர்வாணா என்ற ராக் இசைக்குழுவின் முதல் ஆல்பமான ‘பிளீச்’ கையில் கிடைத்தது. 1989 ஜூனில் சியாட்டிலின் சப் பாப் என்ற இசைத்தட்டு நிறுவனம் வெளியிட்டது. அட்டையில் கறுப்பும் வெள்ளையும் இடம் மாறிய நெகட்டிவ் படம். நான்கு பேர், முகம் தெரியாமல் முடி பறக்கிறது. பின்னட்டையில் ஜாக் எண்டினோ 600 டாலருக்கு ஒலிப்பதிவு செய்தார் என்று அச்சிட்டிருந்தார்கள். உண்மையான பில் 606 டாலர் 17 சென்ட். எங்கள் ஒரு மாத வாடகையில் பாதிகூட இல்லை.

அந்தத் தொகையைக் கொடுத்தவர் ஜேசன் எவர்மன். ஆல்பத்தில் அவர் ஒரு ஸ்வரம்கூட வாசிக்கவில்லை. ஆனாலும் கிதார் கலைஞர் என்று பெயர் போட்டிருக்கிறது, அட்டையிலும் அவர் நிற்கிறார். புதிதாகச் சேர்ந்தவர் குழுவில் ஒட்டிக்கொள்ளட்டும் என்றுதான் அப்படிச் செய்ததாக பாஸ் கிதார் வாசித்த கிறிஸ்ட் நோவோசெலிக் பின்னாளில் சொல்லியிருக்கிறார். இதைப் படித்த அன்று அந்தப் பையன்கள் மேல் எனக்குப் பெரிய மரியாதை பிறந்தது. புதிதாக வந்தவரை ஒட்டவைக்க யாராவது முயற்சி எடுத்தால் அது எவ்வளவு பெரிய காரியம் என்று அப்போது எனக்கு நன்றாகத் தெரியும்.

அட்டைப் படத்தை எடுத்த ட்ரேசி மராண்டர், குழுவின் பாடகர் குர்ட் கோபேனின் அன்றைய காதலி. போயிங் நிறுவனத்தின் உணவகத்தில் வேலை பார்த்தவர். ஒலிம்பியா என்ற பக்கத்து ஊரில் இருவரின் குடித்தனம் பெரும்பாலும் அவர் சம்பளத்தில்தான் ஓடியது. கோபேன் வீட்டில் உட்கார்ந்து பாட்டெழுதினார். சம்பாதிக்காமல் வீட்டில் இருப்பவரின் பகல் பொழுது எப்படிப்பட்டது என்பதை அனுபவித்தவள் நான். அந்தப் பகல்களிலிருந்து அவர் எழுதிய ‘அபௌட் எ கேர்ள்’ ட்ரேசியைப் பற்றியது. அதை எழுதுவதற்கு முன் பீட்டில்ஸ் ஆல்பம் ஒன்றைத் திரும்பத் திரும்பக் கேட்டாராம். மற்ற பாடல்களின் இரைச்சலுக்கு நடுவே அதன் மெட்டு மட்டும் தெளிவாக எழுந்து வருகிறது.

மற்றவை எளிதில் வசப்படுவதில்லை. முதல் பாடல் ‘புளூ’ அடித்தொண்டையில் உறுமுகிற பாஸ் கிதாரில் தொடங்குகிறது. இளையராஜாவின் பாஸ் கிதாரில் வளர்ந்த காதுக்கு அந்த உறுமல் பிடிபட்டுவிட்டது. அதன் மேல் கோபேன் கத்துவதை ஏற்கத்தான் நாளானது. வரிகள் பாதி புரியவில்லை. கேட்கிறவர்கள் பலருக்கும் அப்படித்தான் என்று கீழ்வீட்டுக்காரர் சொன்னார். என் அப்பா வயதுக்காரர். ‘சார்’ போடாமல் பெயர் சொல்லிக் கூப்பிடச் சொல்லி அவர் என்னைப் பழக்கிக்கொண்டிருந்த காலம் அது.

ஒலிப்பதிவு நடந்த இடம் சியாட்டிலின் பாலர்ட் பகுதியில், முக்கோண வடிவில் ஒடுங்கிய சின்னக் கட்டடம். சுற்றிலும் இன்று புதிய அடுக்குமாடிகள். 1988 டிசம்பர் கடைசியிலும் ஜனவரியிலுமாக ஏறக்குறைய 30 மணி நேரத்தில் அங்கே வேலையை முடித்திருக்கிறார்கள்.

அபர்டீனுக்குப் போனபோதுதான் எனக்கு எல்லாம் சேர்ந்து புரிந்தது. கோபேன் பிறந்து வளர்ந்த ஊர். சியாட்டிலிலிருந்து தென்மேற்கே காரில் இரண்டு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. மழை சியாட்டிலைப் போல் இரண்டு மடங்கு. மரம் அறுத்துப் பிழைத்த ஊர். ஆலைகள் ஒவ்வொன்றாக மூடப்பட்ட காலத்தில் வளர்ந்தவர்கள் இந்தப் பையன்கள். பின்னாளில் இவர்களைப் பார்த்து உலகமே நாகரிகமாக அணிந்த கட்டம்போட்ட ஃபிளானல் சட்டை அங்கே மரம் வெட்டுகிறவர்களின் குளிர்ச்சட்டை. கடைத்தெருவில் பாதிக் கடைகள் பூட்டிக் கிடந்தன. பழைய சாமான் கடைக்கார அம்மாள் ஒரு சட்டையை எடுத்து, கைமுட்டியில் போட்டிருந்த ஒட்டுத்துணியைக் காட்டி, “இது உழைத்த சட்டை” என்று சொல்லி விற்றார். இன்றும் குளிர்காலத்தில் அதைத்தான் போடுகிறேன்.

கண்ணாடிக் கோபுரங்களின் ஊருக்கு வந்திருக்கிறோம் என்று நினைத்துக்கொண்டிருந்த எனக்கு, ஏற்கெனவே பாடுபட்டு, தோற்று, சத்தம் போட்டுப் பாடிய மனிதர்களின் ஊரில் குடியிருக்கிறோம் என்று தெரிந்தது அந்த ஆல்பத்தால்தான். அதற்குப் பிறகு பக்கத்து வீட்டாரிடம் பேசக் கூச்சம் வரவில்லை. பேச விஷயமும் இருந்தது.

புதிதாக வரும் தங்கைமார் கேட்டால் ‘அபௌட் எ கேர்ள்’ முதலில் கேளுங்கள், ‘புளூ’ பிறகு என்பேன். ஹெட்போன் வேண்டாம். காரில், அபர்டீன் போகும் சாலையில், கொஞ்சம் சத்தமாகவே வைத்துக் கேளுங்கள்.