தானாய் முளைத்தவை

கடந்த ஆனி மாதத்தில், மாங்குளம் சந்தியில் ஏ-9 வீதியை விட்டு விலகி, முல்லைத்தீவு வீதி வழியே ஒட்டுசுட்டான் வரை மோட்டார் சைக்கிளில் சென்றேன். சோளகம் வழிநெடுகப் புழுதியை வாரி அடித்தது. நான் பார்க்கச் சென்றது தான்தோன்றீஸ்வரர் ஆலயத்தை; குரக்கன் தாளை எரித்த இடத்தில் இலிங்கம் தானாகவே தோன்றியது என்பது அவ்வாலயத்தின் தலக்கதை. ஆனால் தரிசனம் முடிந்தபின் மனைவியின் பெரியப்பா வளவில் தங்கிய அரைநாள்தான் இன்றும் மனத்தை விட்டு அகலாமல் இருக்கிறது.

முகம் கழுவக் கிணற்றடிக்குச் சென்றபோது, கட்டுக்கிணற்றின் உட்சுவரில், நீர்மட்டத்துக்குச் சற்று மேலே, பெரணி என்றும் சொல்லப்படும் பன்னம் பச்சைப்பசேலென்று தழைத்திருந்தது. சுற்றிலும் புல்லே கருகிக் கிடந்த கோடையில் அந்தப் பச்சை கண்ணைப் பறித்தது. "உது ஒருத்தரும் வைக்கேல்லைத் தம்பி, தானாய் முளைச்சது," என்றார் பெரியப்பா.

அவர் கைப்பட வைத்தவை வேலியோரப் பனைகள். மீள்குடியேறிய 2010இல் புதைத்த கொட்டைகளில் ஏழு தப்பிப் பிழைத்தன. பதினைந்து ஆண்டு காத்திருந்தபின் பாளை தள்ளியபோதுதான் அவற்றுள் நான்கு ஆண்பனை என்று தெரியவந்ததாம். பனையில் ஆணும் பெண்ணும் வெவ்வேறு மரங்கள். பாளை வரும்வரை பார்த்துப் பிரித்தறிய வழியில்லை. அவருடைய ஏமாற்றத்தில் நியாயம் இருந்தாலும், அந்த ஆண்பனைகளின் மகரந்தத்தைக் காற்றும் பூச்சிகளும் சுமந்து வராவிட்டால் பக்கத்துப் பெண்பனையில் நுங்கும் இல்லை. ஆண்பனை குலையீன்றதெல்லாம் திருவோத்தூரில், அதுவும் சம்பந்தர் பாடியதனால்.

பெரியப்பா சீவித் தந்த நுங்கில் இரண்டு கண்கள் நிறைந்திருக்க, மூன்றாவது சப்பையாக இருந்தது. ஒரு பனங்காயில் மூன்று அறைகள், அறைக்கொரு சூல்வித்து. பெண்பூவின் முடியில் விழும் மகரந்தமணி மெல்லிய குழாயொன்றை நீட்டி இரண்டு ஆண்கருக்களைச் சூல்வித்துக்குள் இறக்குகிறது. அவற்றுள் ஒன்று முட்டையோடு கூடி முளையமாக, மற்றையது அங்கேயுள்ள வேறு இரு கருக்களோடு கூடி முளையத்துக்கு உணவூட்டும் வித்தகவிழையமாகிறது. இந்த இரட்டைக் கருக்கட்டலை 1898இல் லில்லிக் குடும்பத் தாவரங்களில் கண்டறிந்தவர் ருசியத் தாவரவியலாளர் நவாஷின். நாம் பெருவிரலால் தோண்டி உறிஞ்சும் நுங்கு அந்த இரண்டாவது கூடலால் விளைந்த உணவு. உண்மையில் அது பனங்கன்றுக்கு உரியது, நாம் இடையில் புகுந்து பறித்துக்கொள்கிறோம்.

வளவுக்குப் பின்னால் காடு தொடங்குகிறது. பாலை பழுத்திருந்த காலமாதலால் உள்ளே போகவேண்டாம் என்று தடுத்துவிட்டார். பாலைப்பழத்துக்காகக் கரடி மரமேறும். காட்டோரத்தில் காய்ந்து கிடந்த கரடி எச்சத்தில் பளபளக்கும் கபிலநிற விதைகள் முழுசாகவே இருந்தன. பழத்தைத் தின்ற கூலிக்கு, தாய்மரத்தின் நிழலுக்கு அப்பால் விதையைக் கொண்டுபோய் விடுகிறது கரடி. பழம் பறிப்பதற்காகக் கிளையையே வெட்டிச் சாய்க்கும் மனிதரை அந்தக் கணக்கில் சேர்க்க எனக்கு மனம் வரவில்லை.

மாலையில் மீண்டும் கிணற்றடிக்கு வந்து, எட்டிய பன்ன இலையொன்றைத் திருப்பிப் பார்த்தேன். அடிப்புறத்தில் வரிசை வரிசையாகக் கபிலப் புள்ளிகள். அவை வித்திக்கலன்களின், அதாவது பன்னம் பரவ உதவும் நுண்துகள்களாகிய வித்திகளை அடக்கிய பைகளின், குவியல்கள். கலனைச் சுற்றியுள்ள வளையம் உலரும்போது பின்னோக்கி வளைந்து, திடீரென விடுபட்டு, கவண்போல வித்திகளை எறிகிறது. பனங்கொட்டையைப் போலக் கட்டுச்சோறு கட்டிக்கொண்டு புறப்படுவதில்லை வித்தி. அது ஒரேயொரு உயிர்க்கலம், தூசியினும் நுண்ணியது. ஈரச்சுவரில் ஒட்டினால் அது உடனே பன்னமாகிவிடுவதுமில்லை. முதலில் விரல்நகத்திலும் சிறிய, இதய வடிவான பச்சைத் தகடாகிறது. அத்தகட்டில்தான் ஆண்கலமும் முட்டையும் உண்டாகின்றன, ஆண்கலம் நீர்ப்படலத்தில் நீந்திச் சென்று முட்டையை அடைந்த பிறகே நாம் பன்னம் என்றழைக்கும் செடி எழுகிறது. இவ்வாறு இரு தலைமுறைகள் மாறிமாறி வருவதை 1851இல் தெளிவாக்கிய ஹொஃப்மைஸ்டர், தாவரவியலைத் தானாகவே கற்ற ஓர் இசைநூல் வணிகர்.

பரவுவதற்கு உலர்ந்த காற்று, கூடுவதற்கு ஒரு துளி நீர்: வன்னிக் கோடையில் இவ்விரண்டும் ஒருங்கே கிடைக்கும் இடம் கிணற்றின் உட்சுவரைத் தவிர வேறெங்கே இருக்கிறது? இதையெல்லாம் பெரியப்பாவிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தவர், அடுத்த கிழமை கிணறு இறைத்துத் துப்புரவாக்கும்போது வேர் சுவரை வெடிக்கப்பண்ணுமென்று அவ்வளவையும் சுரண்டி எடுக்கப்போவதாகச் சொன்னார். என் முகம் வாடியதைக் கண்டிருக்க வேண்டும்.

"மாரிக்கு வந்து பாரும் தம்பி, திரும்ப நிக்கும்."

கையைக் கழுவியபோது, விரல்களில் ஒட்டியிருந்த கபிலத் தூள் நீரோடு கிணற்றடி வாய்க்காலில் இறங்கி, வாழைப்பாத்திப் பக்கம் போயிற்று.